உப்பில்லாத ஒரு கோப்பைக் கஞ்சி

மகன்,

ஸலாம் சொல்லிவிட்டேன் என்று வைத்துக்கொள். பதிலை மனதுக்குள்ளேயே சொல்லிக்கொள். நலமா என்று நான் கேட்கப்போவதில்லை. நலமில்லாமல் கிடப்பவள் உன் மனைவி. இதை எழுதுகிற நேரம் நுஸ்ரத் ஆஸ்பத்திரிக் கட்டிலில் இடப்பக்கம் சரிந்து கண்ணயர்ந்திருக்கிறாள். கையில் ஊசி ஏற்றிய இடம் நீலம் பாய்ந்திருக்கிறது. இரண்டு காலும் வீங்கிக் கணுக்கால் எது என்று தெரியவில்லை. வயிற்றில் ஏழு மாதப் பிள்ளை. பிரஷர் கூடியிருக்கிறது, கட்டிலை விட்டு எழும்பக்கூடாது, உப்பைக் குறைக்க வேண்டும் என்று கிளினிக்கில் டொக்டர் சொல்லி அனுப்பிய பெண், முந்தாநாள் எழும்பிப் போய் உனக்குச் சோறாக்கிக் கருவாடு பொரித்தாள். நீ உட்கார்ந்து தின்றாய். தின்று முடித்துப் பீங்கானை அவளிடம் கொடுப்பதற்காகக் கூப்பிட்டபோதுதான் அவள் குசினிச் சுவரில் சாய்ந்து நிலத்தில் இருந்ததைக் கண்டாயாம். "அவளாத்தான் எழும்பினா உம்மா, நான் ஆக்கச் செல்லல்ல" என்று போனில் சொன்னாய். அந்த ஒரு வசனத்துக்குத்தான் இந்தக் கடிதம்.

குரல் பதிவில் ஏசி அனுப்பியிருக்கலாம். நீ அதை இரட்டை வேகத்தில் ஓடவிட்டுக் கேட்பாய் என்று உன் தங்கச்சி ஹஸ்னா சொல்லியிருக்கிறாள். அதனால் அவளுடைய பழைய கணிதக் கொப்பியில் மிச்சமிருந்த தாள்களைக் கிழித்தெடுத்து எழுதுகிறேன். முடித்ததும் பக்கம் பக்கமாகப் படமெடுத்து உனக்கு அனுப்புவேன். பிறகு குடும்பக் குழுவிலும் போடுவேன். உன் மாமிமார், சாச்சிமார், மீசை அரும்புகிற வயதுப் பிள்ளைக்குக் குளிக்கத் துவாய் எடுத்துக் கொடுத்துக்கொண்டிருக்கிற அத்தனை உம்மாமாரும் படிக்கட்டும். மானம் போகிறது என்று குதிக்காதே. நுஸ்ரத்திடம் கேட்டேன். "போடுங்க மாமி" என்றாள். அவள் சொன்ன பிறகு உன்னிடம் கேட்க எனக்கு ஒன்றும் இல்லை.

நடந்ததை முதலிலிருந்து சொல்கிறேன். உனக்குத் தெரியாது என்பதற்காக அல்ல, மற்றவர்கள் உன் வாயால் வேறு மாதிரிக் கேட்டிருப்பார்கள் என்பதற்காக. உன் மாமியார் மக்காவுக்கு உம்ரா செய்யப் போனார். கலியாணம் முடித்த நாளிலிருந்து மதுரங்குளியில் தன் வீட்டில் அந்த மனுஷி உன்னை மாப்பிள்ளை மாப்பிள்ளை என்று தாங்கித் தாங்கித்தான் வைத்திருந்தார். நீ குடித்த தேத்தண்ணிக் கோப்பையை நீயே எடுத்து வைத்ததை நான் ஒரு நாளும் காணவில்லை. அவர் விமானம் ஏறிய பிறகுதான் கிளினிக்கில் பிரஷர் என்றார்கள். அன்றைக்கு மத்தியானம் நீ என்ன செய்தாய்? சந்திக் கடையில் இரண்டு சோத்துப் பார்சல் கட்டிக்கொண்டு வந்தாய். அந்திக்குக் கொத்து ரொட்டி. மறுநாளும் அதே. கடைச் சாப்பாட்டில் உப்பு இருக்கும் என்று உனக்குத் தோன்றவில்லை. நீ உப்பளத்தில் மேற்பார்வை வேலை பார்க்கிறவன். உப்பு மலை மலையாகக் குவிந்து கிடக்கிற இடத்தில் காலையிலிருந்து அந்தி வரை நிற்கிறவன். ஒரு சட்டி ஆணத்துக்கு எவ்வளவு உப்பு என்று கேட்டால் முகட்டைப் பார்ப்பாய்.

அந்த நாட்களில் நான் உன் வாப்பாவின் கண் ஒப்பரேஷனுக்காகக் கொழும்பில் நின்றேன். கற்பிட்டி வீட்டில் ஹஸ்னாவும் உன் தம்பி நுஸ்கியும் மட்டும். ஒருத்திக்குப் பதினாறு, ஒருவனுக்குப் பதினாலு. துணைக்குப் பக்கத்து வீட்டுப் பெண் வந்து படுத்துக்கொண்டாள், அவ்வளவுதான். எனக்குப் பயமே இருக்கவில்லை. இரண்டு பேருக்கும் ஆக்கத் தெரியும், கேஸ் முடிந்தால் சிலிண்டர் மாற்றத் தெரியும், மோட்டர் ஓடாவிட்டால் கிணற்றில் அள்ளத் தெரியும், காய்ச்சல் வந்தால் எந்த மருந்து எத்தனை என்று தெரியும். நீ மோட்டார்சைக்கிளில் வந்து இறங்கினாய். ஹஸ்னாவின் ஓ லெவல் பரீட்சை வாசலுக்கு வந்துவிட்டது என்று உனக்குத் தெரியும். தெரிந்துகொண்டே, "ஒரு கிழமைதானே, புத்தகத்தையும் எடுத்துக்கோ" என்று சொல்லி அந்தப் பிள்ளையைப் பின்னால் ஏற்றிக்கொண்டு போனாய். எனக்கு ஒரு போன் கோல் எடுக்கவில்லை. நான் வாப்பாவோடு கொழும்பிலிருந்து வந்து கதவைத் திறந்தபோது நுஸ்கி சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு பருப்பு வேகவிட்டுக்கொண்டிருந்தான். "ராத்தா எங்கடா?" என்றேன். "நானா கூட்டிட்டுப் பெய்த்தாரு உம்மா. நானாவுக்கு ஆக்கத் தெரியாதாம்." அதைச் சொல்லும்போது அவன் சிரிக்கவில்லை. நானா என்று கூப்பிடுகிற உனக்காக அவன் வெட்கப்பட்டான், மகன். அதை நீ தெரிந்துகொள்ள வேண்டும்.

உடனே உனக்குப் போன் எடுத்தேன். நீ சொன்னதை ஒரு சொல்லும் கூட்டாமல் குறைக்காமல் எழுதுகிறேன். "உம்மா, வெளங்காமக் கதைக்காதீங்க. அது மாமிட குசினி. மாப்பிள்ள நான் எப்பிடிக் குசினிக்குள்ள போய் நிக்கிற? பக்கத்து வீட்டு ஆக்கள் என்ன கதைப்பாங்க?" நான் கேட்டேன், பக்கத்து வீட்டு ஆட்களா உன் பெண்சாதிக்குப் பிள்ளை பெற்றுத் தரப்போகிறார்கள் என்று. நீ லைனை வெட்டிவிட்டாய். சிக்னல் இல்லை என்று பிறகு சொன்னாய். மதுரங்குளிச் சந்தியில் சிக்னல் இல்லையாம்.

அடுத்த நாள் அதிகாலை சுபஹு தொழுததும் நுஸ்கியிடம் வாப்பாவின் கண் மருந்தைக் காட்டிக்கொடுத்துவிட்டுக் மதுரங்குளிக்கு வரக் கொழும்பு பஸ்ஸில் ஏறினேன். பாலாவி தாண்டும்போது உப்பளத்தைப் பார்த்தேன், முகத்தைத் திருப்பிக்கொண்டேன். உன் வீட்டுக்கு வந்தால், இல்லை, உன் மாமியார் வீட்டுக்கு வந்தால், நீ ஹோலில் கதிரையில் காலை நீட்டிக்கொண்டு போன் பார்த்துக்கொண்டிருக்கிறாய். உள்ளே ஹஸ்னா சட்டி கழுவுகிறாள். கணிதப் புத்தகத்தை அரிசி வாளி மூடிமேல் விரித்து வைத்து, கையில் சவர்க்கார நுரையோடு அதை எட்டிப் பார்த்துப் பார்த்துக் கழுவுகிறாள். புத்தகத்தில் எண்ணெய் பட்டிருந்தது. அறைக்குள் நுஸ்ரத் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். என்னைக் கண்டதும் எழும்பப் பார்த்தாள், பிடித்துப் படுக்க வைத்தேன். "மாமி, ஹஸ்னாவக் கூட்டிட்டுப் போங்க. அந்தப் புள்ளட பரீட்ச எனக்கு ஹராமாப் பெய்த்திடும். எனக்குப் பாணும் பழமும் போதும்" என்றாள். நோயாளி அவள். தங்கச்சியின் பரீட்சையைப் பற்றி நினைத்தவளும் அவள்தான். நீ அந்த நேரம் ஹோலிலிருந்து, "ஹஸ்னா, தண்ணி கொஞ்சம்" என்று கூப்பிட்டாய்.

அப்போதும் நான் கத்தவில்லை. வருத்தக்காரி இருக்கிற வீட்டில் கத்தக்கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டேன். உன்னைக் கூப்பிட்டு, குசினிக்குள் வா, அரிசி களைவது எப்படி என்று காட்டித் தருகிறேன் என்றேன். நீ நிலைப்படிக்கு அந்தப் பக்கம் நின்றாய். அந்தப் படியைத் தாண்டினால் கால் வெந்துவிடும் என்பது போல நின்றாய். "மாமி வந்தா என்ன நினைப்பா?" என்றாய். சரி, மாமியிடமே கேட்போம் என்று நான் சம்மந்திக்குப் போன் எடுத்தேன். மனுஷி மக்காவில், ஹரம் பள்ளிக்குப் போகப் புறப்பட்டுக்கொண்டிருந்தார். ஸ்பீக்கரில் போட்டுக் கேட்டேன்: "சம்மந்தி, உங்கட குசினிக்குள்ள மருமகன் கால் வெக்கலாமா? அவர் உங்கட பேரைச் செல்லிப் படியில நிக்கிறாரு." மூக்கை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது. அழுகிறார் என்று விளங்கிற்று. பிறகு சொன்னார்: "என்ட மகளுக்கு ஒரு கோப்ப கஞ்சி காய்ச்சிக் குடுப்பாரு எண்டா, அடுப்பத் தூக்கி ஹோலுக்குள்ள வெச்சிக்கொள்ளச் செல்லுங்க சம்மந்தி. கதிரையில இருந்துகொண்டே காய்ச்சட்டும்." ஹஸ்னாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எனக்கும் வந்தது. உனக்கு மட்டும் ரோஷம் வந்தது. "எல்லாரும் சேந்து பகிடியா பண்றீங்க" என்று சாவியை எடுத்துக்கொண்டு போனாய். திரும்பி வரும்போது உன் கையில் இன்னும் இரண்டு பார்சல்.

அந்தப் பகலுக்கு நான் உப்பில்லாமல் ஆக்கி நுஸ்ரத்துக்கு ஊட்டினேன். அந்திக்கு அரிசியைக் களைந்து, தண்ணீர் அளந்து ஊற்றி, பானையை அடுப்பிலேயே வைத்தேன். பக்கத்தில் அவளுக்கு உப்பில்லாத பருப்பு, மூடி வைத்தேன். "நெருப்பை மட்டும் மூட்டு. கொதித்தால் குறை. தண்ணீர் வற்றினால் நிறுத்து" என்று சொன்னேன். தலையாட்டினாய். ஹஸ்னாவைக் கூட்டிக்கொண்டு வெளியே வந்தபோது கேற்றடியில் நின்று, "நீங்களும் பெய்த்தா நாங்க எப்பிடித் திங்கிற?" என்று கேட்டாய். இருபத்தேழு வயது ஆண்பிள்ளை. தாடி வைத்திருக்கிறாய், வாகனம் ஓட்டுகிறாய், உப்பளத்தில் அத்தனை பேரை வேலை வாங்குகிறாய். அந்தக் கேள்வியை ஒரு குழந்தை கேட்டிருந்தால் தூக்கி இடுப்பில் வைத்திருப்பேன்.

நான் களைந்து வைத்த அந்த அரிசிக்கு நெருப்பு மூட்டியது நுஸ்ரத். நாங்கள் போன பிறகு நீ உப்பளத்துக்கு ஒரு நடை போய்வந்து, களைப்பில் சாய்ந்துவிட்டாயாம். மனிதன் பசியோடு வந்திருக்கிறான் என்று அவளுக்குப் பொறுக்கவில்லையாம். உப்பில்லாத பருப்பு உனக்கு இறங்காது என்று கருவாட்டையும் எடுத்துப் பொரித்தாளாம். இதெல்லாம் அவள் சொல்லித்தான் எனக்குத் தெரியும். நான் அன்றைக்கு அங்கேயே நின்றிருந்தால் அவள் விழுந்திருக்கமாட்டாள். அது என் நெஞ்சில் கல்லாய்க் கிடக்கிறது, இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் கேள், வீட்டில் கண் கட்டிய மனிதர் இருந்தார், பரீட்சைக்காரி இருந்தாள். ஒரு அடுப்பு மூட்டுவதற்கு நான் ஒரு ஆண்பிள்ளையை நம்பிவிட்டுப் போனேன். நம்பியது குற்றமென்றால் அந்தக் குற்றத்தை நான் ஏற்றுக்கொள்கிறேன்.

இப்போது எனக்கு ஒரு விஷயம் விளங்கவே இல்லை. வேறு ஊர்களில் பெண்பிள்ளையைப் பார்த்துச் சொல்வார்கள், நாளைக்கு இன்னொரு வீட்டுக்குப் போகிறவள், வேலை பழகு என்று. எங்கள் கரையில் இன்னொரு வீட்டுக்குப் போகிறது யார்? பெண்ணா? பெண் அவள் பிறந்த வீட்டிலேயே, அவள் உம்மா பக்கத்திலேயே இருக்கிறாள். பெட்டியைத் தூக்கிக்கொண்டு அந்நிய வீட்டுக்குப் போகிறவன் ஆண். அந்நிய அடுப்பில் ஆக்கியதைத் தின்று, அந்நியக் கூரையின் கீழ் படுக்கிறவன் ஆண். அப்படியானால் வேலை பழக வேண்டியது யார்? ஹஸ்னாவுக்கு எட்டு வயதிலேயே தேங்காய் துருவப் பழக்கினோம், அவள் எங்கேயும் போகப்போவதில்லை. உன்னை ஒன்றும் தெரியாமல் கழுவித் துடைத்து ஒரு வீட்டுக்கு அனுப்பி வைத்தோம். கேட்டால் மாப்பிள்ளை என்றோம். இந்தப் பிழையை நம்மைத் தவிர வேறு யாரும் செய்யமாட்டார்கள்.

நான் உனக்குப் பழக்கவில்லை என்று மட்டும் சொல்லிவிடாதே. உனக்கு அப்போது நுஸ்கியின் வயது. பின்கட்டில் பலகை போட்டு இருத்தி, சூடை மீன் கழுவக் காட்டித் தந்தேன். முதல் மீனில் விரலை வெட்டிக்கொண்டாய், இரண்டாவது மீனை நன்றாகவே கழுவினாய். அந்த நேரம் பார்த்து உன் வாப்பாவின் தங்கச்சி, உன் மாமி, வந்தா. "ஐயோ மதினி, நாளைக்கு ஒரு வீட்டுக்கு மாப்பிள்ளயாப் போற புள்ளயையா மீன் கழுவ இருத்தியிரிக்கிறீங்க? ஆக்கள் கண்டா சிரிப்பாங்க" என்று கத்தியைப் பிடுங்கி என் கையில் தந்தா. நீ எழும்பினாய், கையைச் சாரத்தில் துடைத்தாய், பந்து விளையாடப் போனாய். அன்றைக்கு உனக்கு ஒரு மந்திரம் கிடைத்துவிட்டது. வாளியைத் தூக்கு என்றால், நான் மாப்பிள்ளையாப் போறவன். கட்டிலை உதறு என்றால், நான் மாப்பிள்ளையாப் போறவன். சிரித்துக்கொண்டுதான் சொல்வாய், நானும் சிரித்துவிடுவேன். ஏ லெவல் படிக்கப் புத்தளத்தில் அறை எடுத்து இருந்தபோது, கிழமைக்கொரு தரம் அழுக்குச் சட்டையெல்லாம் ஒரு பையில் திணித்துக் கற்பிட்டி பஸ்ஸில் போட்டு அனுப்பினாய். நான் கழுவி, ஸ்திரி போட்டு, மீன் பொரியலும் வைத்து அதே பஸ்ஸில் திருப்பி அனுப்பினேன். அந்தப் பஸ் கொண்டக்டர் நானா ஒரு நாள் பையை என்னிடம் தந்துவிட்டுக் கேட்டார்: "புள்ள படிக்கிறாரு சரி தங்கச்சி. இந்தப் பேக் எப்ப பாஸாகும்?" பஸ் முழுக்கச் சிரித்தது. எனக்கு அவர்மேல்தான் கோபம் வந்தது.

இப்படிக் கடிதம் எழுதுகிற உம்மாமார் இந்த இடத்தில் வந்ததும், எல்லாம் என் வளர்ப்பின் பிழை மகனே என்று மூக்கைச் சிந்துவார்கள். நான் சிந்தமாட்டேன். உன் சட்டையைக் கழுவுவதில் எனக்கு ஒரு ஆசை இருந்தது, அது உண்மை. பாதியை நான் எடுத்துக்கொள்கிறேன். மற்றப் பாதி உன்னுடையது, அதை என் தலையில் கட்டாதே. அதே வீட்டில், அதே உம்மாவிடம் நுஸ்கியும் வளர்கிறான். அவனுக்கும் மாமி அதையே சொன்னா. அவன், "மாமி, நான் மாப்பிள்ளயாப் போற வீட்டில அடுப்பு இரிக்காதா?" என்று கேட்டுவிட்டு மீனைக் கழுவினான். காதில் விழுவது எல்லாருக்கும் ஒன்றுதான். எதைப் பிடித்துக்கொள்கிறோம் என்பது அவரவர் கெட்டித்தனம்.

ஆண்பிள்ளை ஆக்குவது வெட்கம் என்றால் அதையாவது ஒழுங்காகப் பிடித்துக்கொள்ளுங்களேன் என்று இருக்கிறது எனக்கு. உன் வாப்பா இளந்தாரி வயதில் உச்சமுனையில் மீன்வாடியில், கடற்கரைக் கொட்டிலில் கிடந்தவர். அங்கே பெண் வாடையே இல்லை. சோறாக்கியது யார்? ஆண்கள்தான். உன் வாப்பா வைத்த மீன் ஆணத்துக்காகப் பக்கத்து வாடிக்காரர்கள் பீங்கானைத் தூக்கிக்கொண்டு வருவார்களாம், இன்றைக்கும் மார்தட்டிச் சொல்கிறார். அந்த மனிதர் வீட்டுக்கு வந்ததும் தேத்தண்ணிக்குச் சீனி எங்கே என்று கேட்பார். கடற்கரையில் அடுப்பு மூட்டினால் வீரம், வீட்டுக்குள் மூட்டினால் வெட்கமா? இதை அவரிடமும் கேட்டுவிட்டேன், கண்ணில் கட்டோடு இருப்பதால் எழும்பிப் போக முடியாமல் கேட்டுக்கொண்டிருந்தார். உன் கதை அதைவிட நல்ல கதை. போன நோன்பு மாதம் பள்ளிவாசலில் கஞ்சிக் கிடாரத்துக்கு முன்னால் நின்று, பெரிய அகப்பையைப் பிடித்துக் கிளறுகிற மாதிரிப் படமெடுத்துப் போட்டாய். நானும் கண்ணூறு படக்கூடாது என்று மாஷா அல்லாஹ் எழுதினேன். ஊருக்கே கஞ்சி கிளறினால் நன்மை. அந்தப் படத்தில் உன் மாப்பிள்ளைத்தனம் எங்கேயும் கழன்று விழவில்லை. ரஸூலுல்லாஹ் தன் வீட்டு வேலையைத் தானே செய்தார்கள் என்று வெள்ளிக்கிழமை ஜும்ஆவில் கேட்டு நன்றாகத் தலையையும் ஆட்டுகிறாய். உன் வீட்டில் ஒரு கோப்பைக் கஞ்சிக்கு ஆள் இல்லை.

கஞ்சி மட்டும்தான் பிரச்சினை என்று நினைத்துக்கொள்ளாதே. நேற்று வார்டில் கிளினிக் கார்டைக் கேட்டார்கள். நீ நுஸ்ரத்தின் முகத்தைப் பார்த்தாய். அவள் மயக்கத்தில் அலுமாரியின் இரண்டாவது தட்டு என்று சொல்கிறாள். எந்த மருந்து எத்தனை மணிக்கு என்று கேட்டார்கள், நீ என் முகத்தைப் பார்த்தாய். மாற்றுத் துணி கொண்டு வா என்றால் கலியாணத்துக்கு உடுத்த சாரியைக் கொண்டு வந்தாய். அதைக் கண்டு பக்கத்துக் கட்டில் சிங்களப் பெண் சிரிப்பை அடக்கிக்கொண்டு, "பவ் அனே" என்றாள், பாவம் என்று. யாரைப் பாவம் என்றாள் என்று எனக்குத் தெரியவில்லை. நீ கெட்டவன் இல்லை, மகன். குடிக்கிறவன் இல்லை, அடிக்கிறவன் இல்லை, உழைத்துக் கொடுக்கிறவன். அதுதான் எனக்கு இன்னும் ஆத்திரமாக இருக்கிறது. இவ்வளவு நல்லவனாக இருந்துகொண்டு ஒருத்தியைச் சாவின் வாசலில் கொண்டுபோய் விட உன்னால் முடிந்திருக்கிறது, அதுவும் கதிரையை விட்டு எழும்பாமலே.

இதை எழுதுவதா வேண்டாமா என்று யோசித்தேன். எழுதத்தான் போகிறேன். காலையில் நான் அவளுக்குத் தலை சீவிவிட்டேன். பேச்சுக்கு, "என்ன புள்ள வேணும் உனக்கு?" என்று கேட்டேன். எல்லாரும் கேட்கிறதுதானே. அவள் வயிற்றைத் தடவிக்கொண்டாள். பிறகு சொன்னாள்: "ஆம்புளப் புள்ள எண்டா எனக்குப் பயமாயிரிக்கி மாமி. அவரு மாதிரி வந்திடுமோ எண்டு." சொல்லிவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டு, கோபிக்காதீங்க மாமி என்று அழுதாள். நான் ஏன் கோபிக்க வேண்டும்? பெற்றவள் நான். எங்கள் ஆட்களில் ஆண்பிள்ளை வேண்டும் என்று நேர்ச்சை வைக்காத பெண் இல்லை. உன்னைப் பெற்ற நாளில் பாலாவி வரைக்கும் இனிப்புக் கொடுத்தோம். உன்னைப் போல ஒன்று பிறந்துவிடக்கூடாது என்று உன் பெண்சாதி துஆக் கேட்கிறாள். நான் சீப்பை வைத்துவிட்டு வராந்தாவுக்குப் போய் நின்றேன். அழுதேன். வேறு என்ன செய்வது?

அதற்குப் பிறகுதான் உனக்குப் போன் எடுத்தேன். வார்டில் சாப்பாடு தருகிறார்கள், அவளுக்கு இறங்கவில்லை. வீட்டில் காய்ச்சிய அரிசிக் கஞ்சி கொண்டுவரலாம், உப்பு மட்டும் ஒரு துளியும் கூடாது என்று நேர்ஸ் மிஸ் சொன்னா. அதை உனக்குச் சொன்னேன். நாளைப் பகல் பார்க்க விடுகிற நேரத்துக்கு நீ கஞ்சியோடு வர வேண்டும், உன் கையால் காய்ச்சியதாக இருக்க வேண்டும் என்றேன். "ஹஸ்னாட்டச் செல்லிக் காய்ச்சி எடுக்கட்டா?" என்று கேட்டாய். அந்த இடத்தில்தான் நான் போனை வைத்தேன். ஹஸ்னா பரீட்சை எழுதுவாள். சித்தியெய்துவாளா மாட்டாளா என்று எனக்குத் தெரியாது. அந்தக் கிழமை அவளுக்குத் திரும்பக் கிடைக்காது. ஆனால் இனிமேல் ஒரு நாளும் அவள் உனக்காக அடுப்படிக்கு வரமாட்டாள். நானும் வரமாட்டேன். உன் மாமியார் உம்ராவிலிருந்து வந்த பிறகும் நீ பழைய கதிரைக்குப் போகமாட்டாய். நான் அவரிடம் பேசிவிட்டேன், அவர் சரி என்றுவிட்டார்.

ஐந்தில் வளையாதது ஐம்பதில் வளையுமா என்பார்கள். உனக்கு இன்னும் ஐம்பது ஆகவில்லை, பார்ப்போம். கடையில் வாங்கிப் போத்தலில் ஊற்றிக்கொண்டு வந்தால் எனக்கு ஒரு வாய் வைத்துப் பார்த்தாலே தெரியும். கருகியிருந்தால் கொண்டு வா. குழைந்து களியாகிப் போயிருந்தாலும் கொண்டு வா. அவள் குடிப்பாள், குடிக்காவிட்டால் நான் குடிப்பேன். வெறுங்கையோடு மட்டும் வராதே. வார்ட் வாசலில் நான் நிற்பேன். உள்ளே விடமாட்டேன், காவல்காரரிடம் பேசவும் வேண்டியதில்லை, நானே போதும்.

இத்தோடு முடிக்கலாம் என்று இருந்தேன். இப்போது போன் அடித்தது. உன் குரல் பதிவு. பின்னால் பானை மூடி விழுகிற சத்தம் கேட்கிறது. "உம்மா, ஒரு கோப்ப அரிசிக்கு எவ்வளவு தண்ணி?" அவ்வளவுதான், வேறொன்றும் இல்லை. சத்தத்தில் நுஸ்ரத் விழித்துக்கொண்டாள். என்ன மாமி என்றாள், சொன்னேன். கையை நீட்டி, "போனைத் தாங்க, நான் செல்றேன்" என்றாள். ஊசி குத்திய அந்தக் கையைத்தான் நீட்டினாள். நான் கொடுக்கவில்லை, பைக்குள் போட்டுவிட்டேன். அவளும் சொல்லித் தரமாட்டாள், நானும் சொல்லித் தரமாட்டேன். உன் தம்பி நுஸ்கி வீட்டில்தான் இருக்கிறான், அவனுக்குத் தெரியும். அவனிடம் கேள். பதினாலு வயதுப் பிள்ளையிடம் கேட்க வெட்கமாக இருந்தால், வெட்கப்பட்டுக்கொண்டே கேள்.

உன் உம்மா